வேறு எவரும் இல்லை

பிரிண்டரிலிருந்து வந்த தாள் இன்னும் சூடாக இருந்தது. டைப்பிஸ்ட் அம்மா கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு படிக்க ஆரம்பித்தாள்.

முன்ஜாமீன் மனு. சாதிப் பெயரைச் சொல்லித் திட்டிய வழக்கு. இந்த வருஷத்தில் இது ஒன்பதாவது.

ஒன்பதிலும் ஒரே பல்லவிதான். பெயரும் தேதியும் மாறும். அவளுடைய இடுப்பு வலி மட்டும் ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் கூடும்.

மேஜைக்கு எதிரே கிடங்கு முதலாளி. லீவு கேட்ட சூப்பர்வைசரைப் போனிலேயே கிழித்துத் தொங்கவிட்டவர். சூப்பர்வைசர் நேராக போலீஸுக்குப் போய்விட்டார்.

முதலாளிக்குப் பின்னால், சுவரோரம், தோல்பையும் கையுமாக அவருடைய டிரைவர். உட்காரச் சொல்ல யாருக்கும் தோன்றவில்லை.

வந்ததுமே வக்கீல் அவரிடம் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டார். இந்த மாதிரி வழக்கில் முன்ஜாமீன் லேசில் கிடைக்காது. ஒரே ஒரு சந்துதான் உண்டு. திட்டியது மூன்றாம் மனுஷர் காதில் விழவில்லை என்று காட்ட வேண்டும். காட்டிவிட்டால் தப்பிக்கலாம், இல்லையென்றால் நாளைக்கே கம்பி எண்ண வேண்டியதுதான்.

மூன்றாம் மனுஷரா? முதலாளி சிரித்துவிட்டார். காரில் போகும்போது பேசியது, கண்ணாடியெல்லாம் ஏற்றியிருந்தது, ஈ காக்கா கிடையாது என்றார்.

அப்போதுதான் வக்கீல் எழுந்து போய் அறைக் கதவைச் சாத்தினார்.

"இங்க வெளியாள் யாரும் இல்ல. என்ன சொன்னீங்கன்னு தாராளமா சொல்லுங்க."

முதலாளி சொன்னார். அன்றைக்குச் சொன்ன அதே ருசியோடு, அந்த வார்த்தையை அழுத்தி. வக்கீலுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

டிரைவர் தரையைப் பார்த்தார். அவள் கீபோர்டைப் பார்த்தாள்.

அந்த வார்த்தையை அவள் கேட்டு முப்பது வருஷம் இருக்கும். பள்ளிக்கூடத்தில் பாதிப் பேர் அவளைக் கூப்பிட்டதே அதை வைத்துத்தான். இந்த ஆபீஸில் இருபத்திரண்டு வருஷம். யாரும் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை.

வக்கீல் சொல்லச் சொல்ல அடித்து முடித்தாள். இப்போது பிழை பார்க்கிறாள்.

அதில் அவளை அடிக்க ஆளில்லை. செத்துப்போனவரைச் சாட்சியாகப் போட்ட மனுவைக் கடைசி நிமிஷத்தில் பிடித்து நிறுத்தியவள். அன்றிலிருந்து அவளுக்கு ஆபீஸில் பூதக்கண்ணாடி என்று பெயர். அவள் பார்த்துவிட்டால் வக்கீல் மறுபடி பார்ப்பதில்லை.

ஐந்தாவது பத்தி: 'மனுதாரர் தமது காரின் பின்னிருக்கையில் அமர்ந்து கோப்புகளைப் பார்த்தபடி பயணித்துக்கொண்டிருந்தார்.'

ஆறாவது பத்தி: 'ஓடிக்கொண்டிருந்த அந்தக் காரில் மனுதாரரைத் தவிர வேறு எவரும் இல்லை.'

அவள் விரல் அங்கேயே நின்றது.

கடிகாரம் மூன்றே முக்கால் காட்டியது. நான்கு மணிக்குள் மனு கோர்ட்டில் இருக்க வேண்டும். கையெழுத்து விழுந்துவிட்டால் சத்தியம் செய்தது போல. பிறகு ஒரு வரியைத் திருத்தினாலும் ஏன் என்று ஜட்ஜ் கேட்பார். எதிர்த்தரப்பு வக்கீலோ வரிக்கு வரி மோப்பம் பிடிக்கிற ஆள்.

"என்னம்மா பூதக்கண்ணாடி, ஏதாவது சிக்குச்சா?"

அவள் தலையை நிமிர்த்திச் சுவரோரம் பார்த்தாள். டிரைவர் பையை இடக்கையிலிருந்து வலக்கைக்கு மாற்றிக்கொண்டிருந்தார்.

"எல்லாம் சரியா இருக்கு சார்."

முதலாளி பேனாவைத் திறந்து, படிக்காமலே, பக்கத்துக்குப் பக்கம் கையெழுத்துப் போட்டார்.

அவர்கள் போனதும் அவள் எழுந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஜன்னலோரம் வந்து நின்றாள்.

கீழே டிரைவர் பின்கதவைத் திறந்து பிடித்தார். முதலாளி ஏறி உட்கார்ந்து ஒரு கோப்பை விரித்தார். கதவு சாத்தப்பட்டது.

ஆறாவது பத்தியில் உள்ளபடி, ஓட்ட ஆளே இல்லாமல் கார் கோர்ட்டைப் பார்த்துக் கிளம்பிப் போனது.