கடைவாய்ப் பல்

கணக்கு டீச்சருக்குப் பல்லெல்லாம் கல்லு மாதிரி இருந்தன. ஆனாலும் வலது கன்னத்தை உள்ளங்கையால் தாங்கிக்கொண்டுதான் பல் டாக்டரின் கிளினிக்குக்குள் நுழைந்தார்.

காரணம் மாடியில் இருந்தது. அங்கே மனநல டாக்டர். அவரைப் பார்க்கத் தனி வழி கிடையாது. பல் டாக்டரின் ஹாலில் உட்கார்ந்திருந்து, கூப்பிட்டதும் உள்படி ஏறிப் போகவேண்டும்.

டீச்சருக்குச் சரியான தூக்கம் இல்லாமல் போய் ரொம்ப நாளாயிற்று. போன வாரம் வகுப்பில் பெருக்கல் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தவருக்குக் கண்ணீர் பொலபொலவென்று கொட்டிவிட்டது. சாக்பீஸ் தூசி என்று சமாளித்தார். இன்னொரு தடவை பிள்ளைகள் நம்ப மாட்டார்கள்.

"யாராவது கேட்டா பல்லு வலின்னு சொல்லிடு," என்று கணவர்தான் யோசனை சொல்லி அனுப்பினார். "விஷயம் வெளியில தெரிஞ்சா பேரண்ட்ஸ் சும்மா விடுவாங்களா? பைத்தியம் பாடம் நடத்துதுன்னு வந்து நிப்பாங்க."

ஹாலில் கால் வைத்த டீச்சர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

மூலை நாற்காலியில் ரேடியோ அக்கா!

டீச்சர் குடியிருக்கும் அதே கட்டடத்தில் மூன்றாவது மாடி. யார் வீட்டில் என்ன சண்டை என்பது சண்டை போட்டவர்களுக்கு முன்னால் அக்காவுக்குத் தெரியும். பல்செட்டைக் கழற்றி வைத்தால்தான் அந்த ஒலிபரப்பு ஓயும் என்று டீச்சரின் கணவர் கிண்டல் செய்வார்.

அதிலும் இந்த வருஷம் முழுக்கப் பல் செய்திகள்தான். குடியிருப்போர் சங்கச் செயலாளருக்கு ரூட் கேனால். முதல் மாடிப் புதுப்பெண்ணுக்கு ஈறு வீக்கம். எதிர்வீட்டு வக்கீலுக்குப் பல் கூச்சம். இது போதாதென்று அக்காவுக்கே மூன்று வருஷமாகத் தீராத பல் வலி. லிஃப்டில், மொட்டை மாடியில், காய்கறிக் கடையில் என்று கேட்டுக் கேட்டு, 'இந்தக் கட்டடத்தில் யாருமே பல் தேய்ப்பதில்லையா?' என்று டீச்சர் நினைத்திருக்கிறார். இத்தனைக்கும் செயலாளர் சோடா பாட்டில் மூடியைப் பல்லாலேயே கடித்துத் திறப்பவர்.

டீச்சர் நைசாகத் திரும்பிவிடப் பார்த்தார். அதற்குள் குரல் வந்துவிட்டது.

"டீச்சர்! வாங்க, வாங்க. என்ன, பல்லா?"

"ஆமாக்கா. கடைவாய்ப் பல்லு. ராத்திரி பூரா தூங்க விடல."

"எந்தப் பக்கம்?"

"இடது பக்கம்."

பக்கத்தில் வந்து உட்கார்ந்த டீச்சரின் வலது கன்னத்தில் இருந்த கையை அக்கா பார்த்தார். டீச்சர் கையை மெதுவாக இடம் மாற்றினார்.

"வலி அங்கேயும் இங்கேயுமா போகுதுக்கா."

"போகும், போகும். பல்லு வலி அப்படித்தான்."

அந்த நேரம் பார்த்து, வரவேற்பு மேஜையில் இருந்த பெண் ஹால் முழுக்கக் கேட்கிற மாதிரி, "மேடம், நீங்க மாடிக்குத்தானே?" என்றாள்.

"இ... இல்லையே. எனக்குப் பல்லு."

"அப்படியா? அப்போ உள்ள போங்க. டாக்டர் சும்மாதான் இருக்கார். பிடுங்கணும்னா உடனே பிடுங்கிடுவார்."

மானம் போவதற்குப் பல் போனால் பரவாயில்லை என்று டீச்சர் எழுந்தே விட்டார்.

அக்கா அவர் கையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார். பிடித்த கையை விடாமலே, மற்றொரு கையால் போனை எடுத்தார்.

"செயலாளர் வீட்டம்மாவா? நான்தான். நம்ம கணக்கு டீச்சரை இங்க பார்த்தேன்."

டீச்சருக்குப் பாதி உயிர் போய்விட்டது.

"கடைவாய்ப் பல்லாம். பாவம், முகமே வாடிப் போச்சு. ஒரே நாள்ல முடியற வேலை இல்ல, வாரா வாரம் வரணும். எல்லார்கிட்டயும் சொல்லிடுங்க. யாரும் போய் விசாரிக்கிறேன்னு தொந்தரவு பண்ண வேண்டாம்."

போனை வைத்தார்.

"வாரா வாரம்னு நான் சொல்லவே இல்லையேக்கா?"

"மேல இருக்கிற டாக்டரம்மா முதல்ல எல்லாரையும் அப்படித்தான் வரச் சொல்வாங்க."

அக்கா இதை மிக மெல்லிய குரலில் சொன்னார். ரேடியோவுக்கு அப்படி ஒரு குரல் இருப்பதே டீச்சருக்கு அன்றுதான் தெரிந்தது.

"மனசு சரியில்லன்னா காலம் பூரா பேசுவாங்க டீச்சர். பல்லு சரியில்லன்னா உப்புத் தண்ணியில கொப்புளின்னு சொல்லிட்டு அவங்கவங்க வேலையைப் பார்க்கப் போயிடுவாங்க. அதையும் நீங்களா சொன்னா நோண்டுவாங்க. நான் சொன்னா, அக்கா சொல்லியாச்சுன்னு விட்டுடுவாங்க."

டீச்சருக்குச் சட்டென்று சோடா மூடி ஞாபகம் வந்தது.

"அப்போ செயலாளரு? வக்கீலு? அந்தப் புதுப்பொண்ணு?"

"அவங்களுக்கெல்லாம் பல்லுதான்," என்றார் அக்கா கறாராக. "நான் சொன்னா சொன்னதுதான்."

இந்த மனுஷியைக் கண்டாலே லிஃப்டை விட்டுவிட்டுப் படியில் ஓடியதை நினைத்து டீச்சருக்கு வெட்கமாக இருந்தது. கண் கலங்கியது. இந்தத் தடவை எதையும் சொல்லிச் சமாளிக்கத் தோன்றவில்லை.

எழுந்து மாடிப்படியில் கால் வைத்தவர், ஏதோ நினைத்துக்கொண்டு திரும்பினார்.

"ஏன்க்கா, உங்களுக்கு எந்தப் பல்லு?"

அக்கா வாய் நிறையச் சிரித்தார். பளீரென்று இருந்த வரிசையை விரலால் தட்டிக் காட்டினார்.

"பல்லே இல்லாதவளுக்குப் பல்லு வலி எப்படி வரும்னு மூணு வருஷமா ஒருத்தர் கேட்கல. கணக்கு டீச்சர், நீங்ககூடக் கேட்கல பாருங்க!"