புரூனோவின் மனைவி

"உங்கள் மகன்தான் ரோமிலிருந்து பேசினார். அம்மாவைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளும்படி சொன்னாராம்."

மொழிபெயர்ப்பாளர் விஷ்ணுப்ரியா இத்தாலிய மொழியில் இதைச் சொன்னதும் லிவியா அவள் கையைப் பற்றிக்கொண்டாள். அப்பாவின் புகழைத் தவிர வேறெதையும் நினைக்காத மார்க்கோ, அம்மாவுக்காகப் போன் செய்திருக்கிறான்.

திருவனந்தபுரம் திரைப்பட விழா அரங்கின் மேடையோரம் அது. விழாவை நடத்தும் ஷிபு போனைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு விஷ்ணுப்ரியாவின் அருகே வந்தார். "படமெல்லாம் அந்த மகன் தந்ததாக்கும். பாத்துச் செய்யணும், கேட்டியா மோளே."

கணவர் புரூனோ இறந்து சில வருடங்களாகிவிட்டன. உலகம் கொண்டாடிய அவருடைய படங்கள் அத்தனையையும் எழுதியவள் லிவியா. ஒன்றில்கூட அவள் பெயர் வரவில்லை. ரோமில் வாயைத் திறக்க மார்க்கோ விட்டதில்லை. எண்பது வயதைத் தாண்டி, புற்றுநோய் மருந்துகளையும் நிறுத்திவிட்டு அவள் இவ்வளவு தூரம் வந்தது அதைச் சொல்லத்தான்.

மைக்கின் முன்னால் நின்றாள்.

"என் கணவர் புரூனோவின் படங்களை எழுதியது நான்."

பிரசவத்துக்குப் படுத்திருந்த ஆஸ்பத்திரியில் எழுதியதைச் சொன்னாள். விருது மேடைகளில் அவர் தன் எழுத்தைப் பற்றிப் பேசியபோதெல்லாம் கடைசி வரிசையில் உட்கார்ந்து கைதட்டியதைச் சொன்னாள். குரல் நடுங்கவில்லை.

விஷ்ணுப்ரியா ஒரு மடக்குத் தண்ணீர் குடித்துவிட்டு மலையாளத்தில் பேசத் தொடங்கினாள். லிவியா ஒரே ஒரு தடவை சொன்ன புரூனோவின் பெயர் அவள் பேச்சில் அடிக்கடி வந்தது. இந்த மொழியில் அப்படித்தான் சொல்வார்கள் போலிருக்கிறது என்று லிவியா நினைத்துக்கொண்டாள்.

அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. முன்வரிசைப் பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். ஒரு ஆயுள் முழுக்க நெஞ்சில் கிடந்த பாரம் இறங்கிவிட்டது. இனி நிம்மதியாகச் சாகலாம்.

கீழே இறங்கியதும், கரமனையிலிருந்து கணவரோடு வந்திருந்த அனந்தலக்ஷ்மி என்ற ரசிகை கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஓடி வந்தாள். லிவியாவின் கைகளைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டு ஏதோ சொன்னாள்.

"என்ன சொல்கிறாள்?" லிவியா ஆவலோடு கேட்டாள்.

விஷ்ணுப்ரியா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. "நீங்கள் பேசியது மனதைத் தொட்டுவிட்டதாம்."

லிவியா அந்த ரசிகையை இழுத்து இறுக அணைத்துக்கொண்டாள். அவள் தோளில் சாய்ந்தபடியே அனந்தலக்ஷ்மி தன் கணவரிடம் சொன்னாள்:

"அவர் எழுதுவார், நான் காபி போட்டுக் குடுப்பேன், அவ்வளவுதான்னு சொல்லிட்டாளே, என்ன அடக்கம் பாருங்கோ."