ஒற்றை நூல்

ஃபாதரைத் தையற்காரி கடைசியாக உயிரோடு பார்த்தபோது, அங்கியைச் சுருட்டி அக்குளில் இடுக்கிக்கொண்டு அவள் கடை வாசலில் நின்றிருந்தார்.

"மறுபடியும் கைகிட்ட பிரிஞ்சுபோச்சு."

"அதே இடமா?"

"அதே இடந்தான். வயசானா துணிக்கும் மூட்டு விட்டுப்போகும் போல."

தையற்காரி சிரிக்கவில்லை. "வெள்ளிக்கிழமை வாங்க" என்றாள்.

வெள்ளிக்கிழமை அவருடைய அக்காதான் வந்தாள். முந்தின நாள் பூசை நடுவிலேயே அவர் சரிந்துவிட்டிருந்தார்.

"நல்ல அங்கி இங்கதான் கிடக்காமே. குடு, அதைப் போட்டுத்தான் அவனைச் சவப்பெட்டியில வைக்கணும்."

"இன்னும் தைக்கலைக்கா. கொஞ்சம் உட்காருங்க."

"இத்தனை வருஷமா என்னத்தைத் தைச்சே? ஒரு கையை ஒழுங்கா ஒட்டத் தெரியாதா உனக்கு? மாசம் தவறாம அவன் உன் கடைப்படி ஏறினதை ஊரே பார்த்துச்சு. என் காதுபடவே பேசினாங்க. அவன் சாமியாராகக் கிளம்பின அன்னிக்கே விட்டுத் தொலைச்சிருக்கலாம்ல?"

தையற்காரி ஊசியில் நூல் கோத்தாள்.

சாமியாராகக் கிளம்பிய அன்றைக்கு அவன் டிரங்குப் பெட்டியோடு இதே வாசலில் நின்றான். "இருன்னு ஒரு வார்த்தை சொல்லு. இறக்கி வெச்சிடறேன்."

அதற்கு முந்தின சாயங்காலம் இந்த அக்கா வந்து அவள் காலைப் பிடித்திருந்தாள். "கடவுளுக்குன்னு அம்மா நேர்ந்துக்கிட்ட பிள்ளைடி. நீ தடுத்தா அவ உசிரை விட்டுருவா."

"போங்க" என்றாள் அவனிடம். அதன்பின் அவள் யாரையும் கட்டிக்கொள்ளவில்லை.

"சீக்கிரம் ஆகட்டும்" என்றாள் அக்கா.

தையற்காரி அங்கியை விரித்தாள். தையல் பிரிந்திருந்த விதம் எப்போதும்போலத்தான். இழுபட்டு அறுந்த நூல் இப்படி இருக்காது. அவரே பிளேடு வைத்து ஒவ்வொரு கண்ணியாக அறுத்திருந்தார். முதல் தடவையே அவளுக்குத் தெரிந்துவிட்டது. கேட்டதில்லை. அறுக்க அவர் சிரமப்படக் கூடாதென்று ஒற்றை நூலிலேயே தைத்துக் கொடுத்துவந்தாள்.

இன்று நூலை இரட்டையாகப் போட்டாள். அதன்மேல் இன்னொரு வரிசை ஓட்டினாள். இழுத்துப் பார்த்தாள்.

"இனிமே பிரியாதுக்கா."

அக்கா அங்கியை வாங்கிக்கொண்டு போனாள்.

மெஷின் பலகையில் அறுபட்ட வெள்ளை நூல் கொஞ்சம் கிடந்தது.