உள்ளே இருந்த கேஸ்

பஞ்சர் கடைக்காரர் சாட்சிக் கூண்டில் ஏறியதும் முதலில் டாக்டரம்மாவைப் பார்த்துத்தான் கும்பிட்டார். நீதிபதிக்கு அப்புறம்தான்.

அவள் தலையை மட்டும் அசைத்தாள்.

அரசாங்கச் செலவில் மருத்துவம் படித்தவள். படிப்பு முடிந்ததும் இரண்டு வருடம், சொல்லும் ஊரில் வேலை பார்ப்பதாகக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தாள். பார்த்தும் முடித்துவிட்டாள். ஆனால் அவளுடைய சர்டிபிகேட்டுகளைத் தர மாட்டோம் என்றது சுகாதாரத் துறை. ஒருநாள் மதியம் அவள் வேலை பார்த்த ஆரம்ப சுகாதார நிலையத்துக்குச் சோதனைக்கு வந்த அதிகாரி, நாற்காலி காலியாகக் கிடந்ததைப் பார்த்து ‘மருத்துவர் இல்லை’ என்று எழுதிவிட்டுப் போயிருந்தார். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு, இரண்டு வருடமும் செல்லாது, முதலிலிருந்து பார் என்றார்கள்.

மேற்படிப்புக்கு இடம் கிடைத்திருந்தது. வெள்ளிக்கிழமைக்குள் சர்டிபிகேட்டுகள் போய்ச் சேராவிட்டால் அதுவும் கைநழுவிவிடும்.

“நாற்காலி காலின்னா ஆளே இல்லைன்னு அர்த்தமா? உள்ள பிரசவம் பார்த்துட்டு இருந்திருக்கலாமே,” என்று முதலில் சொன்னவர் அவளுடைய வக்கீல்தான். அவள் வாயைத் திறப்பதற்குள் சாட்சியையும் தேடிப் பிடித்துவிட்டார்.

இப்போது அதே வக்கீல், அன்று மதியம் டாக்டர் எங்கே இருந்தார் என்று கேட்டார்.

“உள்ள இருந்தாங்க ஐயா. சிக்கலான பிரசவம், இப்பக் கூப்பிட முடியாதுன்னு நர்சம்மா சொன்னாங்க. என் சம்சாரம் வெளிய பெஞ்சுல உட்கார்ந்திருந்தா. அவளுக்கும் நிறைமாசம். ரத்தம் நிக்கல. மூணு மணி நேரம்.”

யாருக்கோ வழி சொல்வதைப் போலச் சொன்னார்.

“அப்புறம் அம்மா ஓடி வந்தாங்க. மூஞ்சியெல்லாம் வேர்வை. அதுக்குள்ள ரெண்டு உசுரும் போயிருச்சு. அவங்க என்ன செய்வாங்க, ஒண்டி ஆளு.”

துறையின் வக்கீல் எழுந்தார். குறுக்கு விசாரணை எதுவும் இல்லை என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். பெண்டாட்டியைப் பறிகொடுத்தவனே வந்து நின்று சொல்லும்போது அதற்கு மேல் எதைக் கேட்பது?

கால் மணி நேரத்தில் தீர்ப்பு வந்தது. இரண்டு வருடமும் செல்லும். சர்டிபிகேட்டுகளை நாளைக்குள் கொடுத்துவிட வேண்டும்.

வெளியே, மாடிப்படி ஓரமாகப் பஞ்சர் கடைக்காரர் நின்றிருந்தார். இஸ்திரி போட்ட சட்டை. நகக்கண்ணில் மட்டும் டயர் கறுப்பு போகவில்லை. ஆறு மணி நேரம் பஸ்ஸில் வந்திருக்கிறார். நன்றி என்றாள். இதிலென்னம்மா இருக்கு என்றார்.

போகத் திரும்பியவர் நின்றார்.

“ஒண்ணு கேக்கணும்னு ஒரு வருஷமா நெனச்சிட்டிருக்கேன். அன்னிக்கு உள்ள நீங்க பார்த்தீங்களே, அந்தப் புள்ள நல்லாருக்காம்மா?”

அன்று உள்ளே யாரும் இல்லை. பிரசவ அறை பூட்டிக் கிடந்தது. டாக்டரம்மா பக்கத்து நகரத்தில், பயிற்சி வகுப்பில், மேற்படிப்புக்கான மாதிரித் தேர்வு எழுதிக்கொண்டிருந்தாள். போனை அணைத்து வாசலிலேயே கொடுத்துவிட வேண்டும் என்பது அங்கே விதி. நர்ஸ் பதினாலு முறை கூப்பிட்டிருந்தாள். பஸ்ஸை விட்டு இறங்கி, பின்வாசல் வழியாக ஓடி வந்த வேர்வை அது. அந்தத் தேர்வில் அவளுக்குத்தான் முதல் மதிப்பெண்.

“நல்லாருக்கா,” என்றாள். நாக்கை அடக்குவதற்குள் இன்னொரு சொல்லும் வந்து விழுந்துவிட்டது. “பொண்ணு.”

அவர் முகத்தில் எதுவோ இளகியது.

“இந்நேரம் நடக்க ஆரம்பிச்சிருக்கும், இல்லம்மா?”

“ஆரம்பிச்சுட்டா,” என்றாள் டாக்டரம்மா.