பச்சைக் கவுன்

"அது பொம்மை, மேடம்! மரத்தூள் அடைச்ச பொம்மை. அதுக்குப் போயி ஊரே கண்ணீர் விடுது!"

விட்காம் சுவரில் மாட்டியிருந்த புகைப்படத்தை விரலால் தட்டினார். தீப்பற்றி எரியும் ஹோட்டல், மாடி ஜன்னலிலிருந்து அந்தரத்தில் விழுந்துகொண்டிருக்கும் ஒரு பெண். ஹாலிவுட்டில் அந்தக் கறுப்பு வெள்ளைப் படத்தைத் தெரியாதவர்கள் கிடையாது. துணை நடிகை ரோவினா அந்தக் காட்சியில் நிஜமாகவே விழுந்து செத்துப்போனாள், ஸ்டூடியோ ஈவு இரக்கமில்லாமல் அதை அப்படியே படத்தில் வைத்துவிட்டது என்பது கதை.

அந்தக் கதையை வருகிறவர் போகிறவருக்கெல்லாம் சொல்பவள் மேபெல். அப்போது அந்தப் படத்தின் உடைப் பிரிவில் வேலை பார்த்தவள், இப்போது ஸ்டூடியோ வாசலுக்கு எதிரே சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறாள். சுற்றுலா வருபவர்களுக்கு அவள் கடைக் காப்பியை விட இந்தச் சாவுதான் ருசி.

"நேர்ல பார்த்தவ நான் சொல்றேன், பொம்மைன்னு நீங்க சொல்றீங்க. நல்லா இருக்கு சார் நியாயம்!" என்றாள் மேபெல், மேஜையைத் துடைத்தபடி.

"இது என் வேலை மேடம். சினிமாக்காரங்களைப் பத்தின கட்டுக்கதையை எல்லாம் உடைச்சுப் புத்தகம் எழுதறேன். ஒரு படத்துல துணை நடிகனைச் சிங்கம் தின்னுடுச்சுன்னாங்க. அந்த ஆளு பக்கத்து ஊரு பர்பேங்க்ல தக்காளி பயிர் போட்டுக்கிட்டு இருக்கான். வெள்ளக் காட்சியில அண்ணன் தம்பி மூழ்கிட்டாங்கன்னாங்க. ரெண்டு பேரும் என்கூட உக்காந்து பீர் குடிச்சாங்க!"

மேபெலுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "பெர்த்தா, சாருக்கு இன்னொரு துண்டு ஆப்பிள் பை!" என்று சமையலறைப் பக்கம் குரல் கொடுத்தாள். பதில் இல்லை. "மத்தியானமானா இவளுக்குக் காது அடைச்சிடும்" என்று முணுமுணுத்துக்கொண்டாள்.

"ஆப்பிள் பை கிடக்கட்டும். ஒரு பொண்ணு செத்தா போலீஸ் வந்திருக்கணும், விசாரணை நடந்திருக்கணும். ஒண்ணும் இல்லை. கல்லறையும் இல்லை. அன்னிக்கு அவ வீட்டுக்குப் போகலை, அவ்வளவுதான். எங்கேயோ உயிரோட இருக்கா. எங்கேன்னு உங்களுக்குத் தெரியும்."

"தெரிஞ்சா கதை சொல்லிக்கிட்டு ஏன் சார் காப்பி ஆத்தறேன்?"

"விளையாட்டுப் பேச்சு வேண்டாம். இயக்குநர் கிரிம்ஷாவை நினைச்சுப் பாருங்க. சாகற வரைக்கும் அந்த மனுஷனைக் கொலைகாரன்னுதானே பேசினாங்க? அவர் பொண்ணு பள்ளிக்கூடத்துல அழுதுக்கிட்டு நின்னிருக்கு. அந்தப் பாவம் உங்களைச் சும்மா விடுமா?"

மேபெலின் கை நின்றது. கிரிம்ஷா தங்கமான மனிதர். உடைப் பிரிவுப் பெண்களைக்கூடப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, சாப்பிட்டாயா என்று கேட்பவர். அவரைப் பற்றி யாராவது தப்பாகப் பேசினால் மேபெலுக்கு இன்றும் நெஞ்சு வலிக்கும். அந்தப் பேச்சுக்கு வித்திட்டதே தான்தான் என்பது அதைவிட வலிக்கும்.

துணியைக் கீழே வைத்தாள்.

"நீங்க விடமாட்டீங்க போலிருக்கே."

"உயிர் போனாலும் விடமாட்டேன், மேடம். உண்மையைத் தெரிஞ்சுக்காம இந்த ஊரை விட்டுப் போகமாட்டேன்."

"உக்காருங்க" என்று பெருமூச்சு விட்டாள் மேபெல். "கிரிம்ஷா பேரு சுத்தமாகணும். எனக்கும் அது ஆசைதான். நானும் எத்தனை நாளைக்குத்தான் சுமக்கறது? சொல்லிடறேன்."

விட்காமின் கண்கள் பளிச்சிட்டன. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, அவளுக்கு உதவி செய்வதுபோல் அவரே ஆரம்பித்தார்.

"அப்படி வாங்க வழிக்கு! எனக்கு முதல்லேயே தெரியும். அந்தப் பச்சைக் கவுன் பறக்க விழறப்போ பாருங்க, கை கால் ஒண்ணாவது மடங்குதா? உயிருள்ள பொம்பளை அப்படியா விழுவா? அவ கவுனைப் பொம்மைக்கு மாட்டிவிட்டுட்டு, அவ நழுவிட்டா. சரிதானே?"

மேபெல் அவரையே பார்த்தாள்.

"இல்லை சார்" என்றாள். குரல் இரும்பாக இருந்தது. "நான் சொல்ல வந்த உண்மை வேற. அது ரோவினாதான். விழுந்ததும் உயிர் போயிடுச்சு. ரத்தமாக் கிடந்த துணியைக் கழற்றி, வேற துணி மாத்தினது இந்தக் கைதான். ராத்திரியோட ராத்திரியா லாரியில ஏத்தி, கடல்ல போட்டுட்டாங்க. கிரிம்ஷாவுக்கு எதுவும் தெரியாது, மேலிடத்துல முடிச்சுட்டாங்க. இதை எழுதுங்க. எந்த பைபிள் மேல வேணும்னாலும் கை வெச்சுச் சத்தியம் பண்றேன்."

"பிணத்தை நீங்களே பார்த்தீங்களா?"

"அவ கண்ணை நானே மூடினேன்னு சொல்றேன், இன்னும் என்ன வேணும்?"

விட்காம் வெகுநேரம் அவள் முகத்தில் எதையோ தேடினார். மேபெல் இமைக்கவில்லை. கடைசியில் அவர் தோள்கள் தளர்ந்தன. எதையும் எழுதிக்கொள்ளாமல் தொப்பியை எடுத்துக்கொண்டு வெளியே போனார். தெரு முனையில் அவர் பஸ் ஏறிப் போகும் வரை ஜன்னலோரம் நின்று பார்த்துவிட்டு, மேபெல் கடைக் கதவைத் தாழிட்டாள்.

சமையலறையில் மாவு மேஜைக்கு அடியில், வாயைப் பொத்திக்கொண்டு ஒடுங்கி உட்கார்ந்திருந்தாள் பெர்த்தா.

"வெளியே வா, ரோவினா. கறுப்பு வெள்ளைப் படத்துல நீ வீட்டிலேருந்து போட்டுட்டு வந்த கவுன் பச்சைன்னு, அதை உனக்கு வாங்கிக் கொடுத்து அதே கையால உன் எலும்பை ஒடிச்ச புருஷனைத் தவிர வேற எவனுக்குத் தெரியும்?" என்று அவள் கையைப் பிடித்துத் தூக்கிவிட்டாள் மேபெல். "பயப்படாதே, உன்னை இன்னொரு தடவை சாகடிச்சு அனுப்பிட்டேன்."