முழுப்பேர்

“இந்தக் கையெழுத்து உங்களோடதுதான்னு கோட்டுல வந்து சொன்னாப் போதும் ஐயா. வேற ஒண்ணும் கேக்கல.”

நாகலெட்சுமி கைப்பையிலிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்து நீட்டினாள். கந்தப்பன் கண்ணாடியைத் தேடும் சாக்கில் கொஞ்ச நேரத்தைக் கடத்தினார். கண்ணாடி அவர் சட்டைப் பையில்தான் இருந்தது.

தேயிலைத் தோட்டத்து வருகைப் பதிவேடான செக்ரோலின் பிரதி அது. 2008, மே மாதம். அப்போது கந்தப்பன், தேயிலைச் செடிகளைக் கத்தரிக்கும் கவ்வாத்து மலையில் கணக்கப்பிள்ளை. வேலைக்கு வந்தவர்களுக்குப் பேர் போடுவது அவர் பொறுப்பு. முழு நாளும் நின்றால் முழுப்பேர், பாதியில் போனால் அரைப்பேர். இப்போது சிறையில் இருக்கும் லெட்சுமியின் புருஷன் பழனியாண்டிக்குப் பதினான்காம் திகதி முழுப்பேர் விழுந்திருந்தது.

“அன்னைக்கு ரெண்டு மணிக்கு ஹட்டன் ஸ்டேஷன்ல ஒரு ஆளுக்கு வெடிமருந்துப் பார்சல் குடுத்ததாத்தானே வாக்குமூலத்துல இருக்கு? சிங்களத்துல எழுதி, அடிச்சுக் கையெழுத்து வாங்குனது. முழுப்பேர் வாங்குன மனுசன் ரெண்டு மணிக்கு எப்புடி ஹட்டன்ல நிப்பாருன்னு லோயரம்மா கேக்கப் போறாங்க. பத்தொன்பதாந் திகதி விசாரணை.”

கந்தப்பன் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“அந்தப் பயங்கரவாதத் தடைச் சட்டம் இன்னும் இருக்குல்ல லெட்சுமி?”

“இருக்குங்க. எடுத்துட்டு வேற கொண்டாரப் போறோம்னு பத்து வருஷமாச் சொல்றாங்க. நாட்டுக்குப் பாதுகாப்பு வேணாம்னு யாரு சொன்னா? குண்டு வச்சவனப் புடிக்கட்டும். கவ்வாத்துக் கத்தி புடிச்சவன எதுக்குங்க புடிச்சாங்க?”

பழனியாண்டியிடமிருந்து நாட்டை அந்தச் சட்டம் பதினேழு வருஷமாகக் காப்பாற்றிக்கொண்டிருந்தது.

கந்தப்பன் ஓய்வு பெற்று நோர்வூட்டில் இந்த வீட்டுக்கு வந்த பிறகும் லெட்சுமி ஒரு தீபாவளிக்கும் வரத் தவறியதில்லை. முறுக்குப் பொட்டலத்தோடு வருவாள். சுகம் கேட்பாள். கொழும்பில் இருக்கிற அவர் மகள் ஷாமிலாவைக் கேட்பாள். சுவரில் மாட்டியிருக்கும் பேத்தியின் படத்தைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போய்விடுவாள். மரியாதை தெரிந்த பெண் என்று அவர் நினைத்துக்கொள்வார். ஆனால் அவள் கொண்டுவந்த முறுக்கை அவர் ஒருநாளும் தின்றதில்லை.

“நிலக்ஷிக்குத் தை மாசம் கலியாணம் ஐயா. நகை நட்டு ஒண்ணும் வேணாம், அப்பா வந்து நின்னாப் போதும்ங்கிறா. அவரப் புடிச்சப்ப அவளுக்கு ஏழு வயசு.”

கந்தப்பன் எழுந்து போய் வாசலில் நின்றார். மலையிலிருந்து பனி இறங்கி ரோட்டை மூடிக்கொண்டிருந்தது. இன்றைக்கும் சொல்லாவிட்டால் இனி எப்போதும் சொல்லப் போவதில்லை என்று அவருக்கே தெரிந்தது.

“அந்த முழுப்பேர் பொய், லெட்சுமி.”

திரும்பி வந்து தாளை அவள் கையில் கொடுத்தார்.

“பகலுக்கு மேல பழனியாண்டி மலையில நிக்கல. ஹட்டனுக்குத்தான் போனான். நாந்தான் அனுப்புனேன். நம்ம வீட்டு வேலைக்கு ஆள அனுப்பிட்டு மலையில நின்னதாப் பேர் போடுறது எல்லாக் கணக்கப்புள்ளையும் செய்றதுதான். அந்தப் பார்சல் என்னோடது. ரெண்டு கிலோ தேயிலைத்தூளு, ஒரு போத்தல் ஊறுகா. கொழும்புல ஷாமிலா வீட்டுக்குப் பக்கத்துல இருந்த ஆளு ஒருத்தன் ரயில்ல திரும்பிப் போறான், அவங்கிட்டக் குடுத்தாக் கொண்டாந்து சேப்பான்னு அவதான் சொன்னா. பின்னால குண்டு கேசுல அவனப் புடிப்பாங்கன்னு யாருக்குத் தெரியும்?”

“பார்சல் போய்ச் சேந்துச்சாங்க?”

“சேந்துச்சு. ஊறுகா நல்லா இருக்குன்னு மறுநாளே போன் பண்ணுனா.” அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். “இத அன்னைக்கே சொல்லியிருந்தா அவன் வெளிய வந்திருப்பான். என்னையும் எம் புள்ளையையும் தூக்கிருவாங்கன்னு பயந்துட்டேன். பழனியாண்டியும் எம் பேரச் சொல்லல. பார்சல் யாரோடதுன்னு அடியில மறந்துட்டான்போலன்னு நெனச்சு மனசத் தேத்திக்கிட்டேன். நான் மனுசனே இல்ல லெட்சுமி.”

அவள் திட்டுவாள் என்று காத்திருந்தார். திட்டினால் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். அவள் அந்தத் தாளை நாலாக மடித்துப் பைக்குள் வைத்தாள்.

“இதக் கோட்டுல சொல்லுவீங்களா ஐயா?”

“சொல்றேன். என்னைப் புடிச்சாலும் புடிக்கட்டும். ஷாமிலாவையும் கூட்டிட்டு வந்து சொல்லச் சொல்றேன்.”

லெட்சுமி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

“எனக்குத் தெரியும் ஐயா. மொதத் தடவை பாக்கப் போனப்பவே அவரு சொல்லிட்டாரு. ‘ஷாமிலாம்மா மாசமா இருக்கு, ஐயா பேரச் சொன்னா அதத்தான் மொதல்ல தூக்குவாங்க. புள்ள பொறக்குற வரைக்கும் பொறுத்துக்குவோம். அப்புறம் ஐயாவே வந்து சொல்லிருவாரு. அதுவரைக்கும் நீ போய் ஒரு வார்த்தை கேக்கக் கூடாது’ன்னு சத்தியம் வாங்கிட்டாரு.”

அவள் சுவரிலிருந்த படத்தை நிமிர்ந்து பார்த்தாள்.

“அந்தப் புள்ளைக்கு இப்பப் பதினேழு வயசு முடிஞ்சிருச்சுல்ல ஐயா?”