மத்தாவாய்க் குடாவிலிருந்து வந்தவன்

அம்மன் கோயில் வாசலில் செருப்பைக் கழற்றக் குனிந்த சுசிலா, சட்டென்று பின்வாங்கினாள். "நான் உள்ளுக்கு வரமாட்டன். நீங்கள் போட்டு வாங்கோ" என்று கணவனிடம் சொல்லிவிட்டு, லண்டனின் வெஸ்ட் ஈலிங் தூறலில் நனைந்தபடி காரை நோக்கி நடந்தாள்.

வற்புறுத்தி அழைத்து வந்த நிர்மலன் அவள் பின்னால் இரண்டடி வைத்து நின்றான். கூட வந்த கனகலிங்கம் அண்ணை அவன் காதருகே குனிந்தார். "நான் சொல்லேக்க நீ சிரிச்சனி. அவளுக்குள்ள இருக்கிற ஆள் அம்மன்ர வாசலை மிதிக்க விடாது, பார்."

எல்லாம் அந்தப் பெட்டியால் வந்த வினை. சட்டன் பகுதியில் அவர்கள் வாங்கிய பழைய வீட்டின் பரணில் அது கிடந்தது. உள்ளே வைக்கோலுக்குள் ஒரு மண்டையோடு. மூடியில் மங்கிய மையில், 'மத்தாவாய்க் குடா, தஹிட்டி.'

பொலிஸ் வந்து பார்த்து, மிகப் பழையது என்று கைகழுவிவிட்டது. ஐரோப்பியக் கப்பல்கள் அந்தப் பசிபிக் தீவின் குடாவில் முதன்முதல் நங்கூரம் போட்ட காலத்தில், போனவர்களில் எவனோ ஒருவன் எடுத்து வந்திருக்கலாம் என்றார்கள் மியூசியத்துக்காரர். தீவிலிருந்து ஆள் வரும்வரை வீட்டிலேயே இருக்கட்டும் என்றும் கேட்டுக்கொண்டார்கள்.

அன்றுதான் சுசிலாவை ஏதோ பிடித்தது. பெட்டியை முன்னறைக்கு இறக்கி விளக்கேற்றினாள். வேலைக்கு லீவு போட்டுவிட்டு அதன் பக்கத்திலேயே குந்தியிருந்தாள்.

ஒரு மாலை ஷிப்ட் முடிந்து வந்த நிர்மலன் கதவடியிலேயே உறைந்து நின்றான். உள்ளே அவள் தாழ்ந்த குரலில் கதைத்துக்கொண்டிருந்தாள். "எங்க வைச்சடா உன்னைப் பிடிச்சவங்கள்?"

பிறகு, பதில் கேட்பவள்போல் தலையைச் சாய்த்துக்கொண்டு நெடுநேரம் இருந்தாள்.

யாழ்ப்பாணத்தில் அவளுடைய தம்பியை இலங்கை ஆமி பிடித்துப் போனபோதுகூட அவள் இப்படி நிலைகுலைந்ததில்லை. சமாதானம் வந்து யாழ்ப்பாணத்துக்குப் பாதை திறந்த பிறகும் அவனைப் பற்றித் தகவல் இல்லை. ஆனாலும் உயிரோடுதான் இருக்கிறான் என்று சாதித்தாள். காரியம் செய்யச் சொன்ன உறவுகளோடு பேச்சை முறித்தாள். ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை.

அப்படிப்பட்டவளை எங்கோ கடலுக்கு அப்பால் செத்தவன் ஆட்டிவைக்கிறான். பெட்டி போனாலும் தன் மனைவி தனக்குத் திரும்பக் கிடைப்பாளா என்பதே நிர்மலனின் பயம்.

கோயில் வாசலோடு திரும்பியதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை தஹிட்டியிலிருந்து மராமா என்ற பெண் வந்தாள். பெட்டியின் முன் மண்டியிட்டுத் தன் மொழியில் மெல்லப் பாடினாள். பாட்டு நடுவில் உடைந்து அழுகையானது.

சுசிலா பாய்ந்து போய் அவளைக் கட்டிப்பிடித்தாள். வீடே அதிரும்படி குழறி அழுதாள். அந்தக் குரல் அவளுடையதுதானா என்று நிர்மலனுக்கு மயிர்க்கூச்செறிந்தது.

மராமா பெட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு போய்விட்டாள். சுசிலா தலைக்கு முழுகிவிட்டு வந்தாள். கண்கள் வீங்கியிருந்தாலும் முகம் தெளிந்திருந்தது. பிடித்தது விட்டுவிட்டது என்று நிர்மலன் பெருமூச்சு விட்டான்.

"இனிப் பயமில்லை. வெளிக்கிடும், கோயிலுக்குப் போட்டு வருவம்."

"ஏலாது" என்றாள் அவள் அமைதியாக. "செத்தவீட்டுத் துடக்கோட, தீட்டோட, ஆரும் கோயிலுக்குப் போறவையே? அண்டைக்கும் அதாலதான் நான் வாசலோட திரும்பினனான்."

நிர்மலன் விழித்தான். "ஆற்ற செத்தவீடு?"

"என்ர தம்பியின்ர."